பகலில் நிலாவைக் காட்டியவர்!

ஜோலார்பேட்டையில் இருந்து சேலத்துக்கு ரெயிலில் போகிறவர்களுக்கு சாமல்பட்டி தெரியும். திருப்பத்தூரைத் தாண்டி வரும் ஊர். கிருஷ்ணகிரி மாவட்டம், ஊத்தங்கரை பக்கம்.

இந்த வட்டாரத்தில் தமிழும் கேட்கும், தெலுங்கும் கேட்கும். ஓசூர் பக்கம் போனால் கன்னடமும் சேர்ந்து கொள்ளும்.

1950-களில் இத்தகைய சிற்றூர்களுக்கு சினிமா என்றால் டெண்டு கொட்டகைதான். கீழே மணல் தரை, மேலே துணிக் கூரை. பொழுது சாய்ந்து, நன்றாக இருட்டினால்தான் படம் தெரியும். ஜனங்கள் சாப்பிட்டு முடித்து, குழந்தைகளைத் தூக்கிக் கொண்டு, நிலா வெளிச்சத்தில் நடந்து போவார்கள். கொட்டகைக்குள் போனால் திரையிலும் ஒரு நிலா காயும்!

"மாயா பஜார்" படம் 1957-ல் வெளிவந்தது. தமிழிலும் வந்தது, தெலுங்கிலும் வந்தது. அதில் ஒரு படகுக் காட்சி உண்டு. அபிமன்யுவும் வத்சலாவும் ஓடத்தில் போவார்கள். தண்ணீரில் வெள்ளி உருகி ஓடுவது போல் நிலவு மின்னும். தமிழ்ப் படம் பார்த்தவர்களும் மெய்மறந்தார்கள். தெலுங்குப் படம் பார்த்தவர்களும் மெய்மறந்தார்கள்.

ஆனால், அது நிலவே அல்ல! ஒரு மனிதர் செய்து வைத்த வெளிச்சம்.

அந்த மனிதர்தான் மார்க்கஸ் பார்ட்லி.

அப்பா தந்த காமிரா

பார்ட்லி 1917-ம் ஆண்டு ஏப்ரல் மாதம் பிறந்தார். ஆங்கிலோ இந்தியக் குடும்பம்.

அவருக்கு 13 வயது ஆனபோது, தந்தை ஒரு காமிராவைப் பரிசாகக் கொடுத்தார். அந்த நாளில் காமிரா என்பது எல்லோருடைய வீட்டிலும் இருக்கும் பொருள் அல்ல. ஊருக்கு ஒரு போட்டோக்காரர் இருந்தால் அதுவே பெரிது. சிறுவன் பார்ட்லி அதை விளையாட்டுச் சாமானாக நினைக்கவில்லை. படம் எடுத்து எடுத்துப் பழகினான். கை தேர்ந்தது.

இளம் வயதிலேயே "டைம்ஸ் ஆப் இந்தியா" பத்திரிகையில் புகைப்படக்காரர் வேலை கிடைத்தது. பிறகு "பிரிட்டிஷ் மூவிடோன்" என்ற செய்திப்படக் கம்பெனிக்குப் படம் பிடித்தார். அந்தக் காலத்தில் டெலிவிஷன் கிடையாது. நாட்டு நடப்புகளைப் படம் பிடித்து, கொட்டகைகளில் படத்துக்கு முன்னால் காட்டுவார்கள். அதற்குத்தான் செய்திப்படம் என்று பெயர்.

பத்திரிகைக்காரருக்கும் செய்திப்படக்காரருக்கும் ஒரு கஷ்டம் உண்டு. தலைவர் ஒருவர் காரில் இருந்து இறங்கிக் கை அசைக்கிறார். அந்த ஒரு வினாடியில் படம் எடுத்து விட வேண்டும். வெளிச்சம் போதவில்லை, மறுபடியும் இறங்கி வாருங்கள் என்று கேட்க முடியுமா? இருக்கிற வெளிச்சத்தில், கிடைத்த நேரத்தில் எடுத்தாக வேண்டும்.

பார்ட்லிக்கு இதுதான் முதல் பள்ளிக்கூடம். இங்கே கற்ற பாடம் இருபது ஆண்டுகள் கழித்து அவருக்குக் கை கொடுத்தது. அதைப் பின்னால் பார்ப்போம்.

சினிமாவுக்கு வந்தார்

1945-ல் "சொர்க்க சீமா" என்ற தெலுங்குப் படம் வந்தது. வாகினி படம். டைரக்டர் பி. என். ரெட்டி. நாகையாவும் பானுமதியும் நடித்தார்கள். அதற்கு ஒளிப்பதிவு செய்தவர் பார்ட்லி.

அடுத்து 1947-ல் "யோகி வேமனா", 1949-ல் "குணசுந்தரி கதா". இரண்டையும் டைரக்ட் செய்தவர் கே. வி. ரெட்டி. நிதானமாக யோசித்து, எல்லாவற்றையும் முன்கூட்டியே திட்டம் போட்டு வேலை செய்கிறவர். பார்ட்லிக்கும் அவருக்கும் நன்றாக ஒத்துப் போயிற்று.

பிறகு நாகிரெட்டியும் சக்கரபாணியும் சேர்ந்து விஜயா புரொடக்ஷன்ஸ் கம்பெனியைத் தொடங்கினார்கள். அவர்களுடைய முதல் படம் 1950-ல் வந்த "சௌகார்". அந்தப் படத்தின் பெயரையே தன் பெயரோடு சேர்த்துக் கொண்டவர்தான் நடிகை சௌகார் ஜானகி. அவரைக் கதாநாயகியாக முதன்முதலில் திரையில் காட்டிய காமிரா பார்ட்லியுடையது.

சென்னை வடபழனியில் விஜயா-வாகினி ஸ்டூடியோ ஒரு தனி ஊர் போல் இருந்தது. ஒரு தளத்தில் அரண்மனை, இன்னொரு தளத்தில் குடிசை, மற்றொன்றில் காடு! அந்த ஊருக்குச் சூரியனும் சந்திரனும் பார்ட்லிதான் என்றால் மிகை ஆகாது. எந்த ஜன்னல் வழியாக வெயில் வர வேண்டும், எந்தத் தூணுக்குப் பின்னால் நிழல் விழ வேண்டும் என்பதை அவரே முடிவு செய்தார்.

செய்திப்படத்தில் வெளிச்சத்துக்காக அவர் காத்திருந்தார். ஸ்டூடியோவில் வெளிச்சம் அவருடைய சொல்லுக்குக் காத்திருந்தது. இது அவருக்கு இரண்டாவது பள்ளிக்கூடம்.

மந்திரவாதியும் தோட்டக்காரன் மகனும்

1951-ல் "பாதாள பைரவி" தமிழிலும் தெலுங்கிலும் வந்தது. தோட்டக்காரன் மகன் ஒருவன் இளவரசியை விரும்புகிறான். நேபாளத்து மந்திரவாதி ஒருவன் அவனைப் பலி கொடுக்கப் பார்க்கிறான். கேட்ட வரத்தைக் கொடுக்கும் பாதாள பைரவியின் சிலை யாருக்குக் கிடைக்கும்? இதுதான் கதை. கதாநாயகன் என். டி. ராமராவ். மந்திரவாதி எஸ். வி. ரங்காராவ்.

மந்திரக் கதையைப் பாட்டி வாயால் கேட்கும்போது மனதில் ஒரு படம் ஓடும். அதைத் திரையில் நம்பும்படி காட்டுவது எளிதல்ல. குகை என்றால் குகையாகத் தெரிய வேண்டும். அட்டையும் சாயமும் தெரிந்து விட்டால் ஜனங்கள் சிரித்து விடுவார்கள். பார்ட்லி குகையை இருட்டில் ஆழ்த்தினார். வேண்டிய இடத்தில் மட்டும் வெளிச்சத்தைப் பாய்ச்சினார். ஜனங்கள் நம்பினார்கள். படம் பிரமாத வெற்றி பெற்றது.

1952-ல் இந்தியாவில் முதன்முதலாக சர்வதேசப் படவிழா நடந்தது. தென்னாட்டில் இருந்து அதில் காட்டப்பட்ட படம் "பாதாள பைரவி".

ஒரே காட்சி, இரண்டு தடவை

விஜயா படங்கள் பலவும் தமிழிலும் தெலுங்கிலும் ஒன்றாகத் தயாராயின. 1955-ல் வந்த "மிஸ்ஸியம்மா"வும் அப்படித்தான். இரண்டிலும் கதாநாயகி சாவித்திரி. தெலுங்கில் கதாநாயகன் ராமராவ், தமிழில் ஜெமினி கணேசன்.

ஆகவே, ஒரே காட்சியை இரண்டு தடவை படம் பிடிக்க வேண்டும். ராமராவ் முகம் வேறு, ஜெமினி முகம் வேறு. ஒருவருக்கு வைத்த விளக்கு இன்னொருவருக்குப் பொருந்தாது. தெலுங்கில் அழகாக இருந்தது, தமிழில் குறைந்து விட்டது என்று யாரும் சொல்லக் கூடாது. இரட்டைப் பிள்ளைகளுக்குச் சோறு ஊட்டும் தாய் போல, பார்ட்லி இரு மொழிக்கும் ஒரே அளவில் வெளிச்சத்தைப் பங்கு வைத்தார்.

"மிஸ்ஸியம்மா"வில் நிலவைக் கூப்பிட்டுப் பாடும் ஒரு காட்சி உண்டு. பார்ட்லியின் நிலா என்று ரசிகர்கள் பேசத் தொடங்கியது இத்தகைய காட்சிகளால்தான்.

நிலவை ஏன் செய்ய வேண்டும்?

வானத்தில் நிலா இருக்கும்போது, அதைச் செய்வானேன் என்று கேட்கலாம்.

நம் கண் நிலவொளியில் நன்றாகப் பார்க்கும். வழியில் கிடக்கும் கல்லும் தெரியும், எதிரே வருகிறவர் முகமும் தெரியும். ஆனால், அந்தக் காலத்துப் பிலிமுக்கு அந்த வெளிச்சம் போதாது. பௌர்ணமி இரவில் காமிராவை ஓட்டினால் கறுப்புத்தான் பதியும். ஆகவே, நிலவை நிலவில் எடுக்க முடியாது. வேறு வெளிச்சத்தில் எடுத்து, நிலவு என்று நம்ப வைக்க வேண்டும்.

ஸ்டூடியோவில் அதிக விளக்குப் போட்டால் அது பகலாகத் தோன்றும். குறைத்துப் போட்டால் முகம் தெரியாது. இரண்டுக்கும் நடுவே ஒரு மயிரிழை இருக்கிறது. அங்கேதான் நிலா இருக்கிறது!

பார்ட்லி அந்த மயிரிழையைப் பிடித்தார். அவருடைய நிலவுக் காட்சிகளில் இருட்டு முழுக் கறுப்பாக இராது. கறுப்புக்கும் வெள்ளைக்கும் நடுவே சாம்பல் நிறத்தில் பல படிகள் இருக்கும். முகத்தின் ஓரத்திலும் கூந்தலின் விளிம்பிலும் மெல்லிய வெள்ளிக் கோடு ஓடும். கண்களில் ஒரு பொட்டு ஒளி இருக்கும். கறுப்பு வெள்ளைப் படத்தில் இரவு குளுமையாகத் தெரிந்தது.

இன்னொன்றும் உண்டு. எடுத்த காட்சி எப்படி வந்தது என்று உடனே பார்க்க அந்த நாளில் வழி இல்லை. பிலிமைக் கழுவிப் போட்டுப் பார்க்கும்போதுதான் தெரியும். கணக்குத் தப்பினால் அத்தனை பேருடைய உழைப்பும் பாழ். எல்லாம் காமிராக்காரரின் தலையில்தான் விடியும். அவர் மனக்கண்ணால் முன்கூட்டியே பார்த்துத்தான் எடுக்க வேண்டும்.

எண்ணூரில் உச்சி வெயில்

இப்போது "மாயா பஜார்" படகுக் காட்சிக்கு வருவோம்.

அதன் ஒரு பகுதியை ஸ்டூடியோவுக்குள் எடுத்தார்கள். வெளிப்புறக் காட்சிகளைச் சென்னைக்குப் பக்கத்தில் உள்ள எண்ணூரில் எடுத்தார்கள். எப்போது தெரியுமா? இரவில் அல்ல. சுட்டெரிக்கும் பகல் வெயிலில்!

பகலை இரவாக்க சினிமாவில் ஒரு வழி உண்டு. காமிராவுக்குள் போகும் வெளிச்சத்தை வெகுவாகக் குறைப்பார்கள். காமிராவுக்கு முன்னால் நிறக் கண்ணாடி ஒன்றைப் பொருத்துவார்கள். கறுப்பு வெள்ளைப் பிலிமில் நீல வானம் கறுத்துப் போகும். சூரியனுக்கு எதிர்ப்பக்கம் இருந்து பார்த்தால், தண்ணீரில் மின்னும் வெயில் நிலவொளி போல் தோன்றும்.

வழி எல்லோருக்கும் தெரிந்ததுதான். கடினம் எங்கே என்றால், வெயிலில் எடுத்ததையும் விளக்கில் எடுத்ததையும் ஒட்டும்போதுதான். ஒரு காட்சி எண்ணூர், அடுத்த காட்சி வடபழனி. நடுவில் ஒட்டுத் தெரிந்தால் போச்சு! பார்ட்லியின் வேலையில் ஒட்டுத் தெரியவில்லை. ஜனங்கள் கண்டது ஒரே இரவு, ஒரே நிலா, ஒரே ஓடம்.

ஐம்பது அடியில் துவாரகை

அந்தப் படத்தில் துவாரகை நகரம் இரவில் ஜொலிக்கும். அது நிஜ நகரம் அல்ல. கலைஞர்கள் கோகலேயும் கலாதரும் படத்துக்குக் கலை அமைத்தவர்கள். 50 அடிக்கு 60 அடி இடத்தில், சுமார் 300 பொம்மை வீடுகளைக் கட்டி, மின்சார விளக்குப் போட்டார்கள். பார்ட்லி அதைப் படம் பிடித்தார். திரையில் ஒரு மாநகரம் எழுந்தது.

கடோற்கஜன் கல்யாணச் சாப்பாட்டை ஒருவனாகத் தின்று தீர்க்கும் காட்சியை மறந்தவர் யார்? ரங்காராவ் உட்கார்ந்திருப்பார். லட்டுகள் தாமாக எழுந்து வாய்க்குள் போகும். குழந்தைகள் கை தட்டிச் சிரிப்பார்கள். கம்ப்யூட்டர் இல்லாத காலம் அது. எல்லாத் தந்திரத்தையும் காமிராவைக் கொண்டே செய்தார்கள்.

அந்தத் தந்திரங்களில் ஒன்றைச் சொல்லலாம். காமிராவை ஓட்டிக் கொண்டிருக்கும்போதே சட்டென்று நிறுத்துவார்கள். நடிகர் கல் போல் அசையாமல் இருப்பார். ஒரு பொருளை எடுத்து விட்டு மறுபடியும் ஓட்டுவார்கள். திரையில் அந்தப் பொருள் மாயமாய் மறையும். நடுவில் காமிரா ஒரு நூல் அளவு நகர்ந்தாலும் குட்டு வெளிப்பட்டு விடும். பொறுமைதான் மந்திரம்!

வெகு காலத்துக்குப் பிறகு, 2010-ல், தெலுங்கு "மாயா பஜார்" படத்துக்கு வர்ணம் ஏற்றி மறுபடியும் திரையிட்டார்கள். அப்போதும் ஜனங்கள் போய்ப் பார்த்தார்கள்.

கடல் கூப்பிட்டது

விஜயா படங்கள் ஒன்றன் பின் ஒன்றாக வந்தன. 1961-ல் "ஜகதேக வீருனி கதா", 1962-ல் "குண்டம்மா கதா". பார்ட்லியின் புகழ் உச்சியில் இருந்தது. வசதியான ஸ்டூடியோ, சொன்னதைக் கேட்கும் விளக்குகள், பழகிய மனிதர்கள்.

அப்போது கேரளத்தில் இருந்து ஒரு அழைப்பு வந்தது.

தகழி சிவசங்கரப் பிள்ளை எழுதிய "செம்மீன்" நாவலை டைரக்டர் ராமு காரியாட் படம் ஆக்கினார். மீனவர் கதை. கறுத்தம்மா என்ற மீனவப் பெண்ணும், பரீக்குட்டி என்ற முஸ்லிம் இளைஞனும் ஒருவரை ஒருவர் நேசிக்கிறார்கள். அவளைப் பழனி என்ற மீனவனுக்குக் கட்டிக் கொடுக்கிறார்கள். கடலுக்குப் போன கணவன் உயிரோடு திரும்புவது கரையில் இருக்கும் மனைவியின் கற்பில் இருக்கிறது என்பது அந்த ஜனங்களின் நம்பிக்கை. ஷீலா, மது, சத்யன் நடித்தார்கள்.

இந்தக் கதையில் கடலும் ஒரு பாத்திரம். அதை ஸ்டூடியோவில் கட்ட முடியாது. திருச்சூர் பக்கம் நாட்டிகா கடற்கரையில் படப்பிடிப்பு நடந்தது. நிஜக் கடல், நிஜப் படகு, நிஜ மணல். அதோடு, படம் வர்ணப் படம்!

பார்ட்லிக்கு இது பெரிய சோதனை. அவருடைய புகழ் கறுப்பு வெள்ளையில் வந்தது. ஸ்டூடியோவுக்குள் இருந்த சூரியனையும் சந்திரனையும் அவர் ஆட்டி வைத்தார். கடற்கரையில் அது நடக்குமா? மேகம் அவரைக் கேட்டு வராது. அந்தி நேரத்தின் நிறம் சில நிமிஷங்களில் ஓடி விடும். இன்னொரு தடவை வா என்று அலையைக் கேட்க முடியாது.

இங்கேதான் முதல் பள்ளிக்கூடத்துப் பாடம் கை கொடுத்தது. கிடைத்த வெளிச்சத்தில், கிடைத்த நேரத்தில் எடுத்து விடும் அந்தச் செய்திப்படக்காரரின் கண் திரும்பவும் விழித்தது. அலை எழும் நேரம், படகு திரும்பும் நேரம், வானம் சிவக்கும் நேரம் எல்லாவற்றையும் "செம்மீன்" பிடித்து வைத்தது. இன்னொரு ஒளிப்பதிவாளர் யு. ராஜகோபாலும் அந்தப் பணியில் பங்கு கொண்டார்.

நிலா இந்தப் படத்திலும் உண்டு. காதலை இழந்த பரீக்குட்டி இரவில் கரையோரம் பாடித் திரிகிறான். "மாயா பஜார்" நிலவில் சிரிப்பு இருந்தது. இந்த நிலவில் துக்கம் இருந்தது. பார்த்தவர்களின் நெஞ்சு கனத்தது.

1965-ம் ஆண்டின் சிறந்த படத்துக்கான ஜனாதிபதி தங்கப் பதக்கம் "செம்மீன்" படத்துக்குக் கிடைத்தது. தென்னாட்டுப் படம் ஒன்று அந்தப் பரிசைப் பெற்றது அதுவே முதல் தடவை.

பரிசு தேடி வந்தது

1967-ல் "ராம் அவுர் ஷியாம்" என்ற இந்திப் படம் வந்தது. திலீப் குமாருக்கு இரட்டை வேடம். அதற்கும் பார்ட்லிதான் ஒளிப்பதிவாளர்.

1969-ல் "சாந்தி நிலையம்" தமிழ் வர்ணப் படம் வெளிவந்தது. ஜெமினி கணேசனும் காஞ்சனாவும் நடித்தார்கள். தாய் இல்லாத குழந்தைகள் இருக்கும் ஒரு பெரிய வீடு. பாடம் சொல்லிக் கொடுக்க ஒரு பெண் வருகிறாள். அந்த வீட்டுக்குள் ஒரு மர்மம் இருக்கிறது. குழந்தைகளின் குதூகலத்துக்கு ஒரு வெளிச்சம், மர்மத்துக்கு ஒரு நிழல் என்று பார்ட்லி இரண்டையும் பிரித்துக் காட்டினார்.

அந்த ஆண்டு வர்ணப் படத்தில் சிறந்த ஒளிப்பதிவுக்கான தேசிய விருது அவருக்குக் கிடைத்தது. கறுப்பு வெள்ளையில் பெயர் எடுத்தவர், வர்ணத்திலும் தேசத்தின் பரிசைப் பெற்றார்.

1993-ம் ஆண்டு மார்க்கஸ் பார்ட்லி காலமானார்.

எழுத்துக் கூட்டிப் படித்த பெயர்

அவர் வெளிச்சம் போட்ட ஸ்டூடியோ நின்ற இடத்தில் இன்று மருத்துவமனையும் வணிக வளாகமும் நிற்கின்றன. டெண்டு கொட்டகைகளும் போய் விட்டன. இரவு ஆகக் காத்திருந்து படம் பார்த்த தலைமுறை முதுமை அடைந்து விட்டது.

அந்தத் தலைமுறையைக் கேட்டால் சாவித்திரியைச் சொல்வார்கள். ரங்காராவைச் சொல்வார்கள். படகையும் நிலவையும் சொல்வார்கள். பார்ட்லியின் பெயரைச் சொல்கிறவர்கள் குறைவு. அவர் ஒருநாளும் திரையில் வந்ததில்லை. படத்தின் ஆரம்பத்தில் எழுத்துகள் ஓடும்போது அவர் பெயர் வரும். சில வினாடிகளில் போய் விடும். அப்போதுதான் ஜனங்கள் இடம் பிடித்து, குழந்தையை மடியில் போட்டுக் கொண்டிருப்பார்கள். படிக்கத் தெரியாதவர்களும் அந்தக் கூட்டத்தில் நிறைய இருந்தார்கள்.

இன்று பழைய படங்களை வீட்டிலேயே பார்க்க முடிகிறது. "மாயா பஜார்" ஓடும்போது, ஆரம்பத்தில் வரும் எழுத்துகளைக் கொஞ்சம் கவனியுங்கள். படிக்கப் பழகும் பிள்ளை வீட்டில் இருந்தால், அதையே படிக்கச் சொல்லுங்கள். எழுத்துக் கூட்டி அது படிக்கும்: மார்க்கஸ் பார்ட்லி.

பிறகு அந்தப் படகுக் காட்சி வரும். தண்ணீரில் நிலவு மின்னும். எண்ணூரில் உச்சி வெயிலில் வியர்வை வழிய நின்று, அந்த நிலவைச் செய்தவர் அவர்தான் என்று பிள்ளைக்குச் சொல்லுங்கள்.